அடிமட்டம் அளவுப் பேய்



போன கிழமை தரம் 8 வகுப்பில் ஒரு பிள்ளை, உம்மாவின் போனுக்கு வந்த படம் ஒன்றைப் பற்றிக் கேட்டாள். கறுத்த உடம்பு, வாய்க்குள் அடங்காமல் கண் வரைக்கும் வளைந்து நிற்கிற பற்கள். "சேர், சுனாமியில கரை ஒதுங்கின மீனாம். மனிசர் மையித்தத் தின்னுமாம். உண்மையா?"

எங்களுக்கு உடனே வாய் வரவில்லை. இந்தக் கதையை நம்ம ஊரில் பரப்பினவர்களில் நாங்களும் இருந்தோம்.

2005இன் தொடக்கம். பாடசாலையின் பாதி அகதி முகாம், மீதிப் பாதியில் வகுப்பு. யாரோ ஈமெயிலில் அனுப்பிய பயங்கரமான மீன் படங்களை ஒருவர் கலரில் பிரிண்ட் எடுத்து வந்தார். சுனாமி கடலின் அடியில் இருந்து வாரி எறிந்த மீன்களாம். ஆசிரியர் அறையில் நாங்கள் நான்கு பேர் பார்த்தோம். அதில் இரண்டு பேர் விஞ்ஞானம் படிப்பிக்கிறவர்கள். ஒருவருக்கும் சந்தேகம் வரவில்லை. பின்நேரம் அந்தத் தாள் தேத்தண்ணிக் கடைக்குப் போய்ச் சேர்ந்தது, எங்கள் கையாலேயே.

மீன் சாப்பிட ஏற்கெனவே சனம் பயந்திருந்த நேரம் அது. எத்தனையோ ஜனாஸாக்கள் கடலோடு போயிருந்தன. கடல் மீன் எதைத் தின்றிருக்கும் என்ற நினைப்பிலேயே பலருக்குச் சோறு இறங்கவில்லை. அந்த நிலையில் இப்படியொரு படம் கிடைத்தால் கேட்கவா வேண்டும்?

பிறகுதான் தெரிந்தது, அந்தப் படங்களுக்கும் சுனாமிக்கும் ஒரு தொடர்பும் இல்லை. அவுஸ்திரேலிய, நியூசிலாந்து விஞ்ஞானிகள் 'டாங்கரோவா' என்ற கப்பலில் டாஸ்மன் கடலில் செய்த ஆய்வின்போது எடுத்தவை. ஆய்வு நடந்தது 2003இல், சுனாமிக்கு ஒன்றரை வருடத்துக்கு முந்தி.

பிள்ளை காட்டிய மீனுக்கு ஆங்கிலத்தில் வைப்பர் ஃபிஷ் என்று பெயர். வைப்பர் என்றால் நம்ம ஊர்ப் புடையன் பாம்பு. 1801இல் வைத்த விஞ்ஞானப் பெயர் சோலியோடஸ் ஸ்லோனி. முதல் சொல்லின் கருத்தே வெளியே நீட்டிய பல் என்பதுதான். நம்ம இந்து சமுத்திரத்திலும் இருக்கிறது. ஆனால் எங்கே? பகலில் அரைக் கிலோமீற்றர் ஆழத்துக்கும் கீழே. ஆயிரம் மீற்றர் ஆழத்தில் தண்ணீரின் அழுத்தம் நாம் நிற்கிற இடத்துக் காற்றழுத்தத்தைப் போல நூறு மடங்கு. சூரிய வெளிச்சம் அங்கே முடிந்துவிடும்.

அந்த இருட்டில் இது தன் விளக்கைத் தானே வைத்திருக்கிறது. முதுகுச் செட்டையின் முதல் முள் தூண்டில் கம்பு மாதிரி நீண்டு, நுனியில் ஒளிரும். அதைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு ஆடாமல் அசையாமல் நிற்கும். இரையென்று நினைத்துக் கிட்ட வரும் சின்ன மீனோ இறாலோ பற்களுக்குள் மாட்டும். வயிற்றுப் பக்கத்திலும் வரிசையாக ஒளிப் புள்ளிகள். அவை வேறு வேலைக்கு: மேலிருந்து வரும் மங்கல் வெளிச்சத்தோடு வயிறு கலந்துவிடுவதால் கீழே இருக்கிற எதிரிக்கு இதன் நிழல் தெரியாது. தூண்டிலும் ஒளிப்பிடமும் ஒரே உடம்பில். சுப்ஹானல்லாஹ், படிப்பிக்கப் படிப்பிக்க எங்களுக்கே ஆச்சரியமாக இருந்தது.

விழுங்கும்போது தலையைப் பின்னால் வளைத்துத் தூக்கி, தாடையை முன்னால் தள்ளும். தன் நீளத்தில் பாதிக்கும் கூடிய இரையைக்கூட உள்ளே எடுக்கும். பேராசை இல்லை, கீழே சாப்பாடு கிடைப்பது அரிது, அடுத்த வேளை எப்போது என்று தெரியாது. இரவானால் இரையைத் தேடி மேல் தண்ணீருக்கு ஏறி, விடியும்போது இறங்கிவிடும். இதையும் சூரை மாதிரிப் பெரிய மீன்கள் பிடித்துத் தின்னும்.

"எவ்வளவு பெரிசு சேர்?" என்று கேட்டார்கள். மேசையில் கிடந்த 30 சென்றிமீற்றர் அடிமட்டத்தைத் தூக்கிக் காட்டினோம். நன்றாக வளர்ந்தாலும் இதைவிடக் கொஞ்சம்தான் கூட. முழு வகுப்பும் சிரித்தது. உயிருள்ள சின்ன இரையைப் பிடிக்கிற மீன் இது, பிணம் தின்பதில்லை. ஆழ்கடலில் சுனாமி அலை ஒரு மீற்றர்கூட எழும்பாது, மேலே போகிற கப்பலுக்கே தெரியாது என்பதையும் சொன்னோம். பிள்ளைகளுக்கு விளங்கியது. 2005இல் எங்களுக்கு ஏன் விளங்கவில்லை என்று அவர்கள் கேட்கவில்லை, அது பெரிய உதவி.

ஏனென்றால், அந்த நாட்களில் உடைந்த தோணியைத் திருத்தி முதன்முதலாகக் கடலுக்குப் போன காக்கா ஒருவர் எங்களிடம் வந்தார். பிடித்த மீனை வாங்க ஆளில்லை. "சேர், நீங்க ஒரு வார்த்த சொன்னா சனம் வாங்கும்" என்றார். நாங்கள் "பாப்போம் காக்கா" என்றோம். அவ்வளவுதான். எங்கள் வீடுகளிலும் அன்று கோழிதான்.

வகுப்பு முடிந்த பின்நேரம் அந்தப் படத்தோடு அவர் வீட்டுக்குப் போனோம். கிழிந்த வலை ஒன்றைத் தைத்துக்கொண்டிருந்தார். நடந்ததைச் சொல்லி மன்னிப்புக் கேட்டோம். கண்ணாடியைப் போட்டுப் படத்தை நெடுநேரம் பார்த்தார்.

"இதுக்கா சேர் அண்டைக்கு மூண்டு கூடை கீரி மீன மண்ணுக்குள்ள தாட்டன்?"

எங்களிடம் பதில் இருக்கவில்லை. அவரே கொஞ்ச நேரம் கழித்து, "கறிக்கு ஆகுமா இது?" என்று கேட்டு, தேத்தண்ணி வைக்கச் சொல்லி உள்ளே கூப்பிட்டார்.

வாற செவ்வாய் அவரை வகுப்புக்கு வரச் சொல்லியிருக்கிறோம். கடலைப் பற்றி அவர் பேசுவார், அடிமட்டத்தை நாங்கள் பிடிப்போம்.