சிட் ஸ்மித் பறித்த பந்து

2009 மே 25. மாஸசூஸெட்ஸில் உள்ள ஃபாக்ஸ்பரோவில் அமெரிக்கக் கல்லூரிகளின் லக்ராஸ் இறுதி ஆட்டம். ஸிரக்யூஸும் கார்னெலும். கடைசி நான்கு நிமிஷங்களில் மூன்று கோல் பின்தங்கியிருந்த ஸிரக்யூஸ், ஐந்து விநாடிகூட மிச்சமில்லாதபோது 9-9 என்று சமன் செய்தது. கூடுதல் நேரத்தில் கோடி ஜேமிசன் அடித்த கோலில் வென்றது. இந்த ஆட்டத்தை நினைவுகூர்பவர்கள் அனேகமாக இந்த இரண்டு கோல்களைத்தான் சொல்கிறார்கள். பதிவைப் பார்த்தபோது என்னை நிறுத்தியது வென்ற கோலுக்குச் சற்று முந்திய கணம். பந்து கார்னெலிடம் இருந்தது. இன்னொரு கோல் விழுந்தால் ஆட்டம் முடிந்தது. சிட் ஸ்மித் என்ற தடுப்பாட்டக்காரர் பந்து வைத்திருந்தவரின் கழியைத் தட்டிப் பந்தை உதிரச் செய்தார். அது டேன் ஹார்டி வழியாக ஜேமிசனிடம் போய்ச் சேர்ந்தது. ஜேமிசனை எல்லோருக்கும் தெரியும்.

நம் ஊர்களில் பார்க்கக் கிடைக்காத ஆட்டம் இது. நுனியில் வலைப்பை கட்டிய கழியால் கெட்டி ரப்பர்ப் பந்தை ஏந்தி ஓடி, வீசி ஆடுவது. மைதானத்தில் பக்கத்துக்குப் பத்துப் பேர். தாக்குபவரின் கழி நாற்பது அங்குலம். தடுப்பவருடையது 72 அங்குலம்வரை போகலாம், அதாவது ஒரு ஆள் உயரம். எட்டுவதற்காகவே செய்த கருவி. ஆனால் பந்தைத் தட்டிப் பறிப்பது இந்த வேலையில் அபூர்வமான பகுதி. அன்றாட வேலை கால்களில் இருக்கிறது. எதிராளி வலதுகைக்காரர் என்றால் அவரை இடதுகைப் பக்கமாகவே ஓடவிட வேண்டும். கோணம் குறுகிப்போகும் ஓரத்துக்குக் கொஞ்சம் கொஞ்சமாகத் தள்ளிக்கொண்டு போக வேண்டும். சக ஆட்டக்காரர் ஏமாந்துவிட்டால் தன் ஆளை விட்டுவிட்டு அந்த இடைவெளிக்குப் பாய வேண்டும். அப்போது தான் விட்ட ஆளை இன்னொருவர் பார்த்துக்கொள்வார் என்று நம்ப வேண்டும். இதற்காக இவர்கள் ஆட்டம் முழுவதும் ஒருவருக்கொருவர் கத்திக்கொண்டே இருக்கிறார்கள். இவ்வளவும் சரியாக நடந்தால் மைதானத்தில் எதுவும் நடப்பதில்லை. எதிராளி திரும்பிப் போகிறார். கீழே கிடந்த பந்தை எடுத்ததற்கும் எதிராளியைப் பந்தை இழக்கச் செய்ததற்கும் கணக்குண்டு. திரும்பிப் போனவருக்குக் கணக்கில்லை.

ஸ்மித் கல்லூரியில் 2008இலும் 2009இலும் பட்டம் வென்ற அணிகளில் ஆடினார். பிறகு தேசிய லக்ராஸ் லீகில் ராசெஸ்டர் நைட்ஹாக்ஸ் அணி. இது கூரையடியில், ஐஸ் ஹாக்கி அரங்குகளில் ஆடும் வடிவம். கோல்காப்பவர் உட்படப் பக்கத்துக்கு ஆறு பேர். கோடையில் காலியாகக் கிடந்த அரங்குகளை நிரப்ப 1931 வாக்கில் கனடாவில் அவற்றின் சொந்தக்காரர்கள் கண்டுபிடித்தது. நைட்ஹாக்ஸ் 2012, 2013, 2014 என்று தொடர்ந்து மூன்று வருஷம் கோப்பையை வென்றது. அந்த லீகில் அதற்கு முன் எந்த அணியும் செய்யாத காரியம். 2014இல் லீகின் தலைசிறந்த ஆட்டக்காரர் விருது அதே அணியில் இருந்த ஜேமிசனுக்குப் போனது. நியாயமான விருது, எனக்குப் புகாரில்லை. ஆனால் கூரையடி ஆட்டத்தில் ஒரு விசித்திரமான பழக்கம் உண்டு. தடுப்பாட்டக்காரர்கள் பந்தைக் கைப்பற்றியதும் அதை முன்னால் அனுப்பிவிட்டு ஓரத்துப் பெஞ்சுக்கு ஓடிவிடுகிறார்கள்; அவர்கள் இடத்தில் தாக்குபவர்கள் இறங்குகிறார்கள். தன் உழைப்பில் கிடைத்த பந்து கோலாகும்போது அநேகமாக அவர் உட்கார்ந்து தண்ணீர் குடித்துக்கொண்டிருப்பார்.

'தொழில்முறை' என்ற சொல்லையும் இங்கே கொஞ்சம் தட்டிப் பார்க்க வேண்டும். இந்த லீகில் ஆடுபவர்களில் மிகப் பலர் வாரநாட்களில் வேறு வேலை பார்ப்பவர்கள். பள்ளி ஆசிரியர்கள், தீயணைப்புக்காரர்கள். சனி ஞாயிறுகளில் ஆட்டம். ஸ்மித்தும் ஜேமிசனும் ஒன்டாரியோவில் கிராண்ட் நதிக்கரையில் உள்ள சிக்ஸ் நேஷன்ஸைச் சேர்ந்தவர்கள். வெளியார் இரோக்குவா என்று பெயரிட்ட ஹோடினொஷோனி மக்கள். ஆட்டம் அவர்களுடையது. படைத்தவனுக்கான ஆட்டம், நோய் தீர்க்க ஆடும் ஆட்டம் என்று சொல்வார்கள். ஜார்ஜ் பியர்ஸ் என்ற மாண்ட்ரீல் பல் வைத்தியர் 1867இல் அதற்கு விதிகள் எழுதினார். 1880இல் கனடாவின் சங்கம் தன் பெயரில் அமெச்சூர் என்ற சொல்லைச் சேர்த்துக்கொண்டு, பூர்வகுடிகளைச் சாம்பியன் போட்டியிலிருந்து விலக்கியது. அவர்கள் பணம் வாங்கி ஆடுகிறார்களாம், ஆகவே தொழில்காரர்களாம். ரயில் கட்டணத்துக்குக் காசில்லாதவன் பணம் வாங்கினால் தொழில், காசுள்ளவன் வாங்காமல் ஆடினால் கலை. இந்த வாதத்தை நான் இலக்கியக் கூட்டங்களிலும் கேட்டிருக்கிறேன். 2010இல் மான்செஸ்டர் உலகப் போட்டிக்குத் தங்கள் சொந்த பாஸ்போர்ட்டில் போக முயன்ற இரோக்குவா அணியை பிரிட்டன் அனுமதிக்கவில்லை. வேறு பாஸ்போர்ட்டில் போக மறுத்து அவர்கள் போட்டியையே இழந்தார்கள். 2014இல் டென்வரில் மூன்றாவது இடம் பெற்றார்கள்.

நண்பர் ஒருவர், நல்ல கவிஞர், என்னிடம் கேட்டார்: "நீர் ஒரு கவிதையாவது எழுதியிருக்கிறீரா? பிறகு எப்படி ஐயா எங்களைத் தடுத்து நிறுத்துகிறீர்?" அவருடைய தொகுப்பிலிருந்து ஒன்பது கவிதைகளை எடுத்துவிடலாம் என்று நான் எழுதியிருந்தேன். ஸ்மித்தைப் பற்றி அவரிடம் சொன்னேன். அவர் சிரித்தார். "எதிர் அணியில் இருந்துகொண்டு என் பந்தைப் பறிக்கிறீர், அதைத்தானே சொல்ல வருகிறீர்?"

இல்லை. ஒரே அணி என்றுதான் நினைக்கிறேன். எதிரே வருவது அவருடைய கவிதை அன்று. ஜனரஞ்சகப் பத்திரிகைகளிலிருந்து யாருக்கும் தெரியாமல் அவர் வரிகளுக்குள் நுழைந்துவிடும் சொகுசு. வங்கியில் காசோலைக் கையெழுத்தை ஒப்பிட்டுப் பார்ப்பது என் வேலையில் ஒரு பகுதி. ஒத்துவராததைத் திருப்பினால் எதிரே நிற்பவர் கோபிப்பார். சாயங்காலம் கணக்கு நேராகும். அன்று எதுவும் நடந்திருக்காது. விமர்சனம் அவ்வளவு எளிதாக இருந்தால் நன்றாயிருக்கும். மாதிரிக் கையெழுத்து இங்கே கிடையாது. ஸ்மித்துக்கும் கிடையாது. எதிராளியின் தோளைப் பார்ப்பதா, இடுப்பைப் பார்ப்பதா, கழியைப் பார்ப்பதா என்று ஒவ்வொரு தடவையும் அவர் புதிதாகத் தீர்மானிக்க வேண்டியிருக்கிறது. அவசரப்பட்டுக் கழியை வீசினால் எதிராளி தாண்டிப் போய்விடுவார். நம் விமர்சகர்களில் பலர் கழியை வீசுபவர்கள், பார்க்க நன்றாயிருக்கும். ஸ்மித் அந்தக் கூடுதல் நேரத்தில் கழியை வீசியது ஒருமுறை. அதற்கு முன் அன்று முழுவதும் கால்களை நகர்த்திக்கொண்டிருந்தார்.

நண்பர் தொகுப்பின் இரண்டாம் பதிப்பில் நான் சொன்ன ஒன்பதில் நான்கை எடுத்துவிட்டார். எவை என்று முன்னுரையில் சொல்லவில்லை. மீதி ஐந்தில் இரண்டைப் பற்றி இன்னும் பேசிக்கொண்டிருக்கிறோம்.