காணாமற்போன கோப்பு

‘அச்சாணி இல்லாத தேர் முச்சாணும் ஓடாது’ என்பது நம் முன்னோர் வாக்கு. தேருக்கு மட்டுமன்று, இன்று கடைதோறும் வீடுதோறும் காணப்படும் கணிப்பொறிக்கும் இது பொருந்தும். நேற்றுவரை நன்றாக ஓடிய மென்பொருள், ஏதோ ஒரு சிறு கோப்பைக் காணவில்லை என்று கூறி இன்று நின்றுவிடுகிறது. அக்கோப்பு யாது? அது எவ்வாறு காணாமற் போகிறது? அதை மீட்பது எப்படி?

மென்பொருள் எழுதுவோர் அனைத்தையும் தாமே எழுதுவதில்லை. கணக்கிடுதல், எழுத்தைத் திரையில் காட்டுதல் போன்ற பணிகள் பல மென்பொருள்களுக்கும் பொதுவானவை. 1949-இல் இங்கிலாந்தின் கேம்பிரிட்ஜ் பல்கலைக்கழகத்தில் இயங்கத் தொடங்கிய எட்சாக் என்னும் கணிப்பொறிக்காக, இத்தகைய பொதுப் பணிகளைத் துளையிட்ட காகித நாடாக்களில் தொகுத்து வைத்தனர். அத்தொகுப்பை ‘நூலகம்’ என்றே அழைத்தனர். வேண்டிய பகுதியைப் படியெடுத்து ஒவ்வொரு நிரலிலும் சேர்த்துக்கொண்டனர். பத்து நிரல்களுக்குப் பத்துப் படிகள் தேவைப்பட்டன.

பிற்காலத்தில், ஒரே படியை ஓரிடத்தில் வைத்து, எல்லா நிரல்களும் வேண்டும்போது அதை அழைத்துக்கொள்ளும் முறை வந்தது. அப்பொதுக் கோப்புகளை விண்டோஸில் டி.எல்.எல். என்றும், லினக்ஸில் எஸ்.ஓ. என்றும் கூறுவர். இதனால் இடம் மிச்சமாகிறது. பிழை இருப்பின் ஓரிடத்தில் திருத்தினால் போதும். ஆயினும் பொதுக் கிணறு வற்றினால் தெரு முழுவதும் தவிப்பதுபோல, அந்த ஒன்று மறைந்தால் அதை நம்பிய யாவும் நின்றுவிடும்.

சேலையூரில் எங்கள் பக்கத்து வீட்டு அத்தை, கணிப்பொறியில் தட்டச்சு வேலை செய்து தம் இரு பிள்ளைகளைப் படிக்கவைக்கிறார். மறுநாள் கொடுக்கவேண்டிய திருமண அழைப்பிதழ் வேலை இருந்தபோது, அவருடைய மென்பொருள் திறக்க மறுத்தது. பழுது பார்க்க வந்தவர், “எல்லாவற்றையும் அழித்துவிட்டுப் புதிதாக ஏற்றினால்தான் சரியாகும்” என்றார். ஆறு ஆண்டு உழைப்பு அப்பெட்டிக்குள் இருந்தது. வேறெங்கும் அதற்குப் படி இல்லை. அத்தையின் கண்கள் கலங்கிவிட்டன.

கல்லூரியில் படிக்கும் என் அக்கா, “அவசரப்படாதீர்கள் அத்தை! திரையில் வந்துள்ள பெயரை ஒவ்வோர் எழுத்தாகப் படியுங்கள்” என்றாள். ‘எம்.எஸ்.வி.சி.பி.140’ என்னும் டி.எல்.எல். கோப்பு இல்லை என்பதே செய்தி. அது மைக்ரோசாப்ட் நிறுவனம் இலவசமாக வழங்கும் விஷுவல் சி பிளஸ் பிளஸ் துணைத் தொகுப்பைச் சேர்ந்தது. இடத்தை மிச்சப்படுத்துவதற்காக யாரோ அதை நீக்கியிருக்க வேண்டும். அந்நிறுவனத்தின் தளத்திலிருந்தே அத்தொகுப்பை எடுத்து நிறுவியதும் மென்பொருள் திறந்தது. ஒரு கோப்பும் அழியவில்லை.

ஒரு மென்பொருளை நீக்கும்போது பொதுக் கோப்பும் உடன் செல்வதுண்டு. நச்சுநிரல் தடுப்பான் ஐயத்தால் அதை ஒதுக்கிவைப்பதும் உண்டு. எனவே முதலில் பெயரைக் குறித்துக்கொண்டு, அவ்வொதுக்கிடத்தைப் பார்க்க வேண்டும். அடுத்து அம்மென்பொருளை மீண்டும் நிறுவலாம்; அல்லது கோப்புக்கு உரிய தொகுப்பை நிறுவலாம். 32 பிட் மென்பொருளுக்கு, 64 பிட் கணிப்பொறியிலும் 32 பிட் தொகுப்பே வேண்டும். தனிக் கோப்பை முன்பின் அறியாத தளத்திலிருந்து எடுத்துப் போடலாகாது. வழியில் கிடந்த மாத்திரையை விழுங்குவதற்கு அது ஒப்பாகும்.

லினக்ஸில் இத்தொல்லை குறைவு. நம் குரோம்பேட்டை எம்.ஐ.டி. வளாகத்திலுள்ள ஏ.யு.-கே.பி.சி. ஆராய்ச்சி மையத்துக்கும் சென்னை சி-டாக் நிறுவனத்துக்கும் கட்டற்ற மென்பொருள் முயற்சியில் பங்குண்டு. அம்முயற்சியின் பயனாக, டெபியன் லினக்ஸை அடிப்படையாகக் கொண்ட ‘பாஸ்’ இயங்குதளம் 2007-இல் வெளிவந்தது. டெபியன் வகைகளில் ஒவ்வொரு தொகுப்பும் தனக்கு வேண்டிய நூலகக் கோப்புகளின் பட்டியலை உடன் வைத்திருக்கும். நிறுவும்போது இல்லாதவற்றையும் கணிப்பொறியே தருவித்துக்கொள்ளும். பிற தொகுப்புகளுக்குத் தேவையான ஒன்றை நீக்கமுயன்றால் முன்கூட்டியே எச்சரிக்கும்.

லூக்கா நற்செய்தியில் பத்து வெள்ளிக் காசுகளில் ஒன்றைத் தொலைத்த பெண்ணைப்பற்றி நம் ஆண்டவர் கூறுகிறார். அவள் வீட்டை இடிக்கவில்லை. விளக்கேற்றினாள், பெருக்கினாள், கிடைக்கும்வரை கவனமாகத் தேடினாள். கணிப்பொறித் திரையில் வரும் பிழைச் செய்தியும் ஒரு விளக்கே. அஞ்சி அதை மூடிவிடாமல் வாசிப்போம். தொலைந்ததை மட்டும் தேடுவோம். பிறர் உழைப்பின் பயனைக் காப்போமாக!