தண்ணீர் குடித்த துறவியும் கிடைக்காத பேராயர் பட்டமும்

வேல்ஸ் என்றதும் பலருக்கும் முதலில் நினைவுக்கு வருவது இங்கிலாந்து அரச குடும்பத்தின் 'வேல்ஸ் இளவரசர்' பட்டம்தான். ஆனால் அந்தச் சின்ன நாட்டுக்காரர்கள் மாறி மாறிக் கேட்டுக் கொண்டிருந்தது வேறொரு பட்டம். தங்களுக்கென்று ஒரு பேராயர் வேண்டும் என்பது அவர்களுடைய கோரிக்கை. 11-ஆம் நூற்றாண்டின் கடைசியில் எழுந்த அந்தக் குரலுக்கு 1920-இல்தான் பதில் வந்தது. ஏறக்குறைய எண்ணூறு வருடங்கள்!

இதில் வேடிக்கை என்னவென்றால், இந்தப் பட்டத்தை அவர்கள் கேட்டது யார் பெயரைச் சொல்லி என்பதுதான். வாழ்நாள் முழுக்கத் தண்ணீரும் ரொட்டியும் கீரையுமாகக் காலம் தள்ளிய ஒரு துறவியின் பெயரைச் சொல்லி. அவர்தான் புனித டேவிட். வெல்ஷ் மொழியில் தெவி.

ஒரு பேராயருக்காக ஏன் இத்தனை பாடு? ஆயர் என்பவர் ஒரு மறைமாவட்டத்தின் தலைவர். அப்படிப் பல ஆயர்களுக்கு மேலே இருப்பவர் பேராயர். புதிய ஆயருக்குத் திருநிலை அளிப்பது அவர்தான். தேர்தலில் குறை இருக்கிறது என்று தடுத்து நிறுத்துவதும் அவர்தான். ஆக, பேராயர் வெளிநாட்டில் இருந்தால் உள்ளூர் ஆயர் யார் என்பதும் வெளிநாட்டில்தான் முடிவாகும். வேல்ஸின் கதை இதுதான். பேராயர் இருந்த இடம் இங்கிலாந்தின் கான்டர்பரி.

யார் இந்த டேவிட்?

6-ஆம் நூற்றாண்டில் வேல்ஸின் தென்மேற்கு மூலையில், இன்றைய பெம்புரோக்ஷயர் பகுதியில் வாழ்ந்தவர். தாயார் பெயர் நான். டேவிட் அங்கே ஒரு மடம் அமைத்தார். அவர் இறந்த நாள் மார்ச் 1. வருடம் 589 என்பது மரபு. இன்றும் மார்ச் 1 வேல்ஸின் தேசியத் திருநாள்.

அந்தக் காலத்து வேல்ஸில் 'புனிதர்' என்பது ரோமாபுரி விசாரித்துக் கொடுத்த பட்டம் அல்ல. ஓர் ஊரில் கோயிலும் மடமும் அமைத்தவரை அந்த ஊர்க்காரர்களே புனிதர் என்று அழைத்தார்கள். வெல்ஷ் ஊர்ப்பெயர்களில் 'லான்' என்று தொடங்குபவை ஏராளம். லான் என்றால் கோயிலும் அதைச் சுற்றிய வளாகமும். லான்தெவி என்றால் தெவியின் கோயில். லான்டெய்லோ என்றால் டெய்லோவின் கோயில். ஊருக்கு ஒரு புனிதர் என்று சொல்லிவிடலாம்!

டேவிட்டின் மடத்தில் கட்டுப்பாடு கடுமை. ஏர் உழ மாடு கிடையாது. துறவிகளே நுகத்தைத் தோளில் வைத்து இழுக்க வேண்டும். சாப்பாடு ரொட்டி, உப்பு, கீரை. குடிக்கத் தண்ணீர். அதனால்தான் அவருக்கு 'தண்ணீர்க்காரர்' என்றே ஒரு பெயர் உண்டு.

அற்புதக் கதைகளுக்கும் குறைவில்லை. லான்தெவி பிரெவி என்ற ஊரில் பெரிய சபை கூடியதாம். கூட்டம் அதிகம், பேசுபவர் குரல் யாருக்கும் கேட்கவில்லை. டேவிட் எழுந்து பேசத் தொடங்கியதும் அவர் காலடி நிலம் மேடாக உயர்ந்தது. எல்லோருக்கும் அவர் தெரிந்தார், குரலும் கேட்டது. மலைக்குப் பஞ்சமே இல்லாத வேல்ஸில் இன்னொரு மேடு எதற்கு என்று இன்று கேலி செய்பவர்களும் உண்டு.

எழுந்து நிற்காத அகஸ்டின்

டேவிட் இறந்து சில வருடங்களில் நடந்த ஒரு சம்பவத்தைப் பீட் என்ற ஆங்கிலத் துறவி 731-இல் முடித்த தன் வரலாற்று நூலில் பதிவு செய்திருக்கிறார். ஆங்கிலேயரை மதம் மாற்றப் போப் அனுப்பி 597-இல் வந்து சேர்ந்த அகஸ்டின்தான் கான்டர்பரியின் முதல் பேராயர். அவர் 603 வாக்கில் பிரித்தானிய ஆயர்களைச் சந்தித்தார். இந்தப் பிரித்தானியர்கள்தான் வெல்ஷ்காரர்களின் முன்னோர். ஈஸ்டர் நாளை ரோமாபுரி முறைப்படி கணக்கிட வேண்டும், ஞானஸ்நானத்தை ரோமாபுரி முறைப்படி கொடுக்க வேண்டும், ஆங்கிலேயருக்கு மதபோதனை செய்ய உதவ வேண்டும் என்பவை அகஸ்டின் வைத்த நிபந்தனைகள்.

இரண்டாவது சந்திப்புக்கு ஏழு ஆயர்கள் புறப்பட்டார்கள். போகும் முன் ஒரு துறவியிடம் யோசனை கேட்டார்கள். அவர் சொன்ன சோதனை எளிமையானது. நீங்கள் உள்ளே போகும்போது அகஸ்டின் எழுந்து நின்றால் அவர் பணிவுள்ளவர், அவர் பேச்சைக் கேளுங்கள். எழாவிட்டால் கேட்க வேண்டாம்.

அகஸ்டின் எழவில்லை. நாற்காலியிலேயே உட்கார்ந்திருந்தார். பேச்சுவார்த்தை அங்கேயே முறிந்தது. இப்போதே எழுந்து மரியாதை தராதவர், தலைவராக ஏற்றுக்கொண்டால் நம்மை எப்படி நடத்துவார் என்பதுதான் அந்த ஆயர்களின் கேள்வி.

பீட் வெல்ஷ்காரர்கள் பக்கம் பேசுபவர் அல்ல. அதன்பின் செஸ்டர் அருகே நடந்த போரில் பாங்கோர் மடத்துத் துறவிகள் சுமார் 1200 பேர் ஆங்கிலேய அரசன் எத்தல்ஃபிரித்தின் படையால் கொல்லப்பட்டதை, அகஸ்டினின் எச்சரிக்கை பலித்ததாகவே அவர் எழுதுகிறார். அப்படிப்பட்டவரே எழுந்திருக்காத கதையையும் மறைக்காமல் எழுதியிருப்பதுதான் சுவாரசியம்.

ஈஸ்டர் விஷயத்தில் வேல்ஸ் 768-இல்தான் இறங்கி வந்தது. அந்த மாற்றத்தைக் கொண்டுவந்தவர் எல்வோத் என்ற வெல்ஷ் ஆயர். அந்நியர் கட்டளையிட்டபோது மறுத்ததை, நூற்று அறுபது வருடம் கழித்துத் தங்கள் ஆள் சொன்னபோது ஏற்றுக்கொண்டார்கள்.

தலபுராணம் ஒரு மனுவாகிறது

1066-இல் நார்மானியர் இங்கிலாந்தைப் பிடித்தார்கள். 1081-இல் வில்லியம் மன்னரே டேவிட்டின் கோயிலுக்கு வந்தார். சொன்ன காரணம் யாத்திரை. அப்போது அங்கே ஆயராக இருந்தவர் சுலியன் என்ற பெரும் படிப்பாளி. அவருடைய மகன் ரிகிவார்க் 1090களில் லத்தீனில் டேவிட்டின் வாழ்க்கை வரலாற்றை எழுதினார். (ஆயருக்கு மகனா என்று கேட்க வேண்டாம். அந்தக் காலத்து வேல்ஸில் குருமார் திருமணம் செய்துகொள்வது சாதாரணம்.)

மேலே சொன்ன ஏர், கீரை, தண்ணீர், உயர்ந்த மேடு எல்லாம் இந்தப் புத்தகத்தில் வருபவை. அவற்றோடு இன்னொரு கதையும் வருகிறது. டேவிட் இரண்டு தோழர்களோடு ஜெருசலேம் போனாராம். அங்கே மறைமுதுவர் அவரைப் பேராயராகவே நியமித்து அனுப்பினாராம்.

டேவிட் இறந்து ஐந்நூறு வருடம் கழித்து இந்தக் கதை ஏன் எழுதப்பட வேண்டும்? நார்மானியக் கோட்டைகள் ஒவ்வொன்றாக வேல்ஸுக்குள் எழும்பிக் கொண்டிருந்தன. கான்டர்பரியின் கையும் கூடவே நீண்டது. எங்கள் புனிதருக்குப் பட்டம் கொடுத்தது ஜெருசலேம், கான்டர்பரி யார் எங்களுக்கு மேலே, என்று கேட்க ஓர் ஆதாரம் தேவைப்பட்டது. ரிகிவார்க்கின் நூல் தலபுராணம் போலவும் இருக்கிறது, கோர்ட்டில் கொடுக்கும் மனுவைப் போலவும் இருக்கிறது.

மனு பலிக்கவில்லை. 1107-இல் லாண்டாஃப் ஆயர் அர்பன் கான்டர்பரிக்குக் கீழ்ப்படிவதாக உறுதிமொழி கொடுத்தார். 1115-இல் டேவிட்டின் ஆயர் நாற்காலியிலேயே பெர்னார்டு என்ற நார்மானியர் உட்கார வைக்கப்பட்டார். அவர் இங்கிலாந்து ராணியின் ஆள்.

ஆனால் அந்த நாற்காலிக்கு ஏதோ சக்தி இருந்திருக்க வேண்டும். சில வருடங்களில் பெர்னார்டே மாறிப்போனார்! செயின்ட் டேவிட்ஸுக்குப் பேராயர் பட்டம் வேண்டும் என்று அவரே போப்பிடம் வழக்கைக் கொண்டு போனார். 1148-இல் இறக்கும்வரை விடவில்லை. பட்டம் கிடைக்கவில்லை. ஆனால் அவர் காலத்தில் டேவிட்டின் புகழ் பரவியது. செயின்ட் டேவிட்ஸுக்கு இரண்டு முறை யாத்திரை போனால் ரோமாபுரிக்கு ஒரு முறை போனதற்குச் சமம் என்ற பெயரும் வந்தது.

ஜெரால்டின் பயணங்கள்

இந்தக் கதையின் உண்மையான நாயகன் ஜெரால்டு. அப்பா நார்மானியர். அம்மாவின் அம்மா நெஸ்ட், தெற்கு வேல்ஸ் மன்னர் ரீஸ் ஆப் டியூடரின் மகள். பாரிஸில் படித்தவர், கூர்மையான எழுத்தாளர், தன்னைப் பற்றிப் பெருமையாகப் பேசக் கொஞ்சமும் கூச்சப்படாதவர்.

1176-இல் செயின்ட் டேவிட்ஸ் குருமார்கள் அவர் பெயரை முன்வைத்தபோது மன்னர் இரண்டாம் ஹென்றி மறுத்துவிட்டார். வெல்ஷ் அரச ரத்தம் ஓடும் ஒருவர் அந்த நாற்காலியில் உட்காருவது ஆபத்து. 1199-இல் மீண்டும் அவரைத் தேர்ந்தெடுத்தார்கள். இந்த முறை கான்டர்பரி பேராயர் ஹூபர்ட் வால்டர் குறுக்கே நின்றார்.

ஜெரால்டு நேராக ரோமாபுரிக்குப் புறப்பட்டார். 1199-க்கும் 1203-க்கும் இடையே மூன்று முறை! ஆல்ப்ஸ் மலையைத் தாண்டி, போர் நடக்கும் நாடுகள் வழியாக. போப் மூன்றாம் இன்னொசென்டுக்குக் காணிக்கையாக அவர் கொண்டுபோனது பணம் அல்ல, தான் எழுதிய புத்தகங்கள். போப் ரசித்துப் படித்தார் என்று ஜெரால்டே எழுதியிருக்கிறார். படித்தது உண்மையாக இருக்கலாம். தீர்ப்பு மட்டும் சாதகமாக வரவில்லை. 1203-இல் அவருடைய தேர்தல் செல்லாது என்று முடிவானது. நாற்காலி வேறொருவருக்குப் போனது.

இருநூறு வருடம் கழித்து அதே கோரிக்கை மீண்டும் எழுந்தது. ஆங்கில ஆட்சியை எதிர்த்து எழுந்த ஓவைன் கிளின்டூர் 1406-இல் பிரெஞ்சு மன்னருக்கு ஒரு கடிதம் எழுதினார். செயின்ட் டேவிட்ஸ் பேராயர் பீடமாக வேண்டும், வேல்ஸில் இரண்டு பல்கலைக்கழகங்கள் வேண்டும், வெல்ஷ் மொழி தெரிந்தவர்களையே வேல்ஸின் திருச்சபைப் பதவிகளில் அமர்த்த வேண்டும் என்று கேட்டார். கிளர்ச்சி தோற்றது. மூன்றும் கிடைக்கவில்லை.

கடைசியில் காப்பாற்றியது எது?

கிளின்டூரின் மூன்றாவது கோரிக்கையைக் கொஞ்சம் கவனிக்க வேண்டும். பட்டத்தைவிட அதுதான் பெரிய விஷயம் என்பது பிறகு தெரிந்தது.

மதச் சீர்திருத்தத்துக்குப் பிறகு, 1563-இல் ஆங்கிலப் பாராளுமன்றம் ஒரு சட்டம் போட்டது. வேல்ஸின் நான்கு ஆயர்களும் ஹெரஃபோர்டு ஆயரும் சேர்ந்து பைபிளை வெல்ஷில் கொண்டுவர வேண்டும். கெடு 1567 மார்ச் 1, டேவிட்டின் திருநாள். செயின்ட் டேவிட்ஸ் ஆயர் ரிச்சர்டு டேவிஸும் வில்லியம் சால்ஸ்பரி என்ற அறிஞரும் முன்னின்று உழைத்துப் புதிய ஏற்பாட்டை 1567-இல் கொண்டுவந்தார்கள். கெடு சில மாதம் தாண்டியது, அவ்வளவுதான். ஒரு கிராமத்துப் பங்கில் பணியாற்றிய வில்லியம் மார்கன் முழு பைபிளையும் 1588-இல் முடித்தார். பிற்பாடு அவரும் ஆயர் ஆனார்.

அதற்குப் பிறகு வந்த காலம் நல்ல காலம் இல்லை. 18-ஆம் நூற்றாண்டில் வேல்ஸின் ஆயர் பதவிகள் ஆங்கிலேயர்களுக்கு ஏணிப்படிகள் ஆயின. வருமானம் குறைவு என்பதால் சீக்கிரமே நல்ல இடம் பார்த்துப் போய்விடுவார்கள். 1716 முதல் 1721 வரை பாங்கோரின் ஆயராக இருந்த ஹோட்லி தன் மறைமாவட்டத்தில் காலே வைக்கவில்லை என்பார்கள். 1870-இல் ஜோஷுவா ஹியூஸ் செயின்ட் அசாஃபுக்கு ஆயராக வந்தபோது, ஏறக்குறைய நூற்றைம்பது வருடங்களில் வெல்ஷ் பேசும் முதல் ஆயர் அவர்தான்!

ஆயருக்கு மொழி தெரியாவிட்டாலும் பலிபீடத்தில் இருந்த புத்தகம் வெல்ஷில் இருந்தது. ஞாயிற்றுக்கிழமை தோறும் விவசாயியும் சுரங்கத் தொழிலாளியும் அதைக் கேட்டார்கள், அதைப் பார்த்தே எழுத்துக் கூட்டிப் படிக்கக் கற்றார்கள். ஆங்கிலத் திருச்சபையை விட்டுத் தனிச் சபைகளுக்குப் போனவர்களும் அந்தப் புத்தகத்தை விடவில்லை. 2021 கணக்கெடுப்பில் 5,38,000 பேர், அதாவது மூன்று வயதும் அதற்கு மேலும் உள்ளவர்களில் 17.8 சதவீதம், வெல்ஷ் பேசுவதாகச் சொல்லியிருக்கிறார்கள். பக்கத்திலேயே ஆங்கிலத்தை வைத்துக்கொண்டு ஒரு மொழி இவ்வளவு தாக்குப் பிடித்ததற்கு அந்த 1588 புத்தகம் ஒரு முக்கியக் காரணம்.

பேராயர் பட்டம்? அதுவும் வந்தது, யாரும் எதிர்பார்க்காத வழியில். தனிச்சபைக்காரர்களே பெரும்பான்மையாகிவிட்ட வேல்ஸில், ஆங்கிலத் திருச்சபைக்கு ஏன் அரசு அந்தஸ்து என்ற போராட்டம் எழுந்தது. 1914-இல் சட்டம் நிறைவேறி, உலகப் போர் முடிந்தபின் 1920-இல் நடைமுறைக்கு வந்தது. கான்டர்பரியிடமிருந்து வேல்ஸ் தனியாகப் பிரிந்தது. முதல் பேராயர் ஏ.ஜி. எட்வர்ட்ஸ். இந்தப் பிரிவினையை வருடக்கணக்கில் எதிர்த்துப் போராடியவர் அவர்! அவர் ஆயராக இருந்ததும் செயின்ட் டேவிட்ஸில் அல்ல, செயின்ட் அசாஃபில். பேராயர் பதவி இன்ன ஊருக்கு என்று எழுதி வைக்கப்படவில்லை. ஆயர்களில் ஒருவரைத் தேர்ந்தெடுப்பார்கள். செயின்ட் டேவிட்ஸ் ஆயர் ஒருவர் பேராயரானது 1944-இல்தான். 2025-இல் பேராயராகத் தேர்ந்தெடுக்கப்பட்ட செர்ரி வான், அந்தப் பதவிக்கு வந்த முதல் பெண்.

டேவிட்டின் கடைசிப் பிரசங்கம் என்று வெல்ஷ்காரர்கள் தலைமுறை தலைமுறையாகச் சொல்லி வருவது ஒன்று உண்டு. மகிழ்ச்சியாக இருங்கள், என்னிடம் பார்த்த சின்னச் சின்னக் காரியங்களைச் செய்து வாருங்கள் என்பது அதன் சாரம். பட்டத்துக்காக மன்னர்களுக்கும் போப்புகளுக்கும் மனுப்போட்டவர்கள் பெரிய மனிதர்கள். அவர்கள் தோற்றார்கள். கிராமத்தில் உட்கார்ந்து வரி வரியாக மொழிபெயர்த்தவர் செய்தது சின்னக் காரியம். அது நின்றது. தண்ணீர் குடித்த அந்தத் துறவிக்கு இதில் ஆச்சரியம் எதுவும் இருந்திருக்காது.