ஈரக்கை

கும்மிடிப்பூண்டி லோக்கலை விட்டு மீஞ்சூரில் இறங்கியபோது காலை எட்டு மணிதான். மே மாத வெயில் அதற்குள் பிளாட்பாரத்தைப் பிடித்துவிட்டிருந்தது. வடகாஞ்சி என்று பேர் வாங்கிய ஊர். நான் வந்தது கோயிலுக்கு அல்ல, மாங்காய்த் தொக்குக்கு.

"கை கழுவிட்டீங்களா தம்பி? தொடச்சீங்களா?"

கழுவியிருந்தேன். துடைக்கவில்லை.

"அப்ப கரண்டியத் தொடாதீங்க" என்றார் தொக்கு போடும் அக்கா.

அக்கா வீட்டுச் சமையலறையில் மூன்று பெண்கள்; ஒரே மகளிர் குழு. பத்து கிலோ நாட்டு மாங்காயை முந்தின இரவே கழுவித் துடைத்துத் துணியில் பரப்பியிருந்தார்கள். கிளிமூக்கு வேண்டாமாம். "அதுல புளிப்பு பத்தாது, தண்ணிதான்." புளிப்பு நாக்குக்காக மட்டும் இல்லை. பிஎச் அளவு 4.6-க்குக் கீழே இருந்தால் பாட்டுலிசம் நஞ்சைக் கக்கும் கிருமி வளராது. பச்சை மாங்காய் அதற்கும் வெகு கீழே நிற்கிறது.

நமக்குச் சட்னி என்றால் காலையில் அரைத்து மதியத்துக்குள் தீர்ப்பது. வெள்ளைக்காரர்கள் அந்தப் பேரைக் கொண்டுபோய், சர்க்கரையும் வினிகரும் சேர்த்துக் காய்ச்சிய மாங்காய்க்கு வைத்துவிட்டார்கள். நம் உணவுப் பாதுகாப்பு விதியும் அந்தச் சட்னியைத்தான் சொல்கிறது: பழம் 40 சதவீதத்துக்குக் குறையக் கூடாது, கரைந்த திடப்பொருள் 50 சதவீதத்துக்குக் குறையக் கூடாது. மீஞ்சூரில் கிட்டத்தட்ட அதே பண்டத்துக்குப் பேர் வெல்லத் தொக்கு.

மாங்காய்த் துருவல் நல்லெண்ணெயில் வேகும்வரை வெல்லம் பக்கத்தில் வராது. முதலிலேயே போட்டால் மாங்காய் விறைத்து, வேகாமல் நின்றுவிடும். வெந்த பிறகு வெல்லத்தைக் கரைத்து, மண் வடிகட்டி ஊற்றினார் அக்கா. மிளகாய்த்தூள், வறுத்துப் பொடித்த வெந்தயம், பெருங்காயம், கல்லுப்பு. உப்பைக் கை நிறைய அள்ளியபோது எனக்குப் பக்கத்துக் காட்டுப்பள்ளி நினைவுக்கு வந்தது. கடல்நீரில் உப்பைப் பிரித்து நாளைக்குப் பத்துக் கோடி லிட்டர் குடிநீர் எடுக்க 2010-இல் திறந்த ஆலை அங்கே இருக்கிறது. இங்கே தலைகீழ் வேலை: உப்பும் வெல்லமும் தண்ணீரைப் பிடித்து வைத்துக்கொள்ளும், கிருமிக்கு ஒரு சொட்டும் மிஞ்சாது.

"எங்க மாமியார் அடுப்பே பத்த வைக்க மாட்டாங்க" என்றார் கிளறிக்கொண்டே. "துருவல்ல வெல்லத்தக் கலந்து, ஜாடிக்கு வேடு கட்டி, மாடியில பத்து வெயில் வெப்பாங்க. இப்ப அங்க வெள்ளத்துணி காயப்போட்டாலே பவர் பிளான்ட் சாம்பலா படியுது. எங்க வெயில்ல வெக்கிறது?"

அந்த வெயில் தொக்கை நான் சாப்பிட்டதில்லை. இனி இந்த ஊரில் கிடைக்காது என்பது தொக்கைவிடக் காரமாக இருந்தது.

முக்கால் மணி நேரம் கழித்து எண்ணெய் ஓரத்தில் பிரிந்து நின்றது. தண்ணீர் போய்விட்டது என்பதற்கு வேறு கருவி அங்கே இல்லை. ஆறவிட்டுத்தான் பாட்டிலில் போடுவோம், சூட்டோடு மூடினால் ஆவி மூடியில் வேர்த்துச் சொட்டும் என்றார். வெந்நீரில் கொதித்துக் காய்ந்த பாட்டிலில், விளிம்புவரை சூடாக ஊற்றி உடனே மூடுவதுதான் நல்லது என்பது என் கட்சி. உள்ளே காற்றுக்கு இடமே இருக்காது. சொல்லியும் பார்த்தேன். மூன்று பேரும் சிரித்தார்கள்.

அலமாரியிலிருந்து போன வருஷத்துப் பாட்டில் ஒன்றைத் திறந்தார் அக்கா. மேலே வெள்ளையாகப் பூசணம்.

"எவ ஈரக்கரண்டி போட்டா?"

யாரும் வாய் திறக்கவில்லை. மேலாக வழித்தெடுத்தால் போதாதா என்று கேட்டேன். போதாது. இழை அடிவரை ஓடியிருக்கும். பூசணம் புளிப்பையே தின்று, மற்ற கிருமிகளுக்கும் கதவைத் திறந்துவிடும். அக்கா இதையெல்லாம் விளக்கவில்லை. பாட்டிலோடு கொல்லைக்குப் போய்க் குழி தோண்டிக் கொட்டினார். திரும்பி வந்து கையைக் கழுவி, முந்தானையில் துடைக்கப் போனவர், நிறுத்தி, ஆணியில் தொங்கிய காய்ந்த துண்டை எடுத்தார்.