கிழித்துப் போட்ட கடிதம்

இதை எழுதுவதா வேண்டாமா என்று ஸ்டாப் ரூமில் இரண்டு நாள் கதைத்தோம். கடைசியில் சேரிடமே கேட்டோம். "என்ட பேரப் போடாம எழுதுங்க, நாலு பேருக்குப் பிரயோசனப்பட்டாச் சரி" என்றார். ஊரில் பலருக்கு யாரென்று தெரியும். தயவுசெய்து கொமெண்டில் பெயர் போட வேண்டாம்.

எங்களுடைய கணித சேர். 17 வருட சேவை. ஒரு நாள் சுபஹுக்கு எழும்பும்போது வலது கையும் காலும் வழங்கவில்லை. பாரிசவாதம். அல்லாஹ்வின் கிருபையால் கதை தெளிவாக இருந்தது, ஞாபகத்திலும் ஒரு குறையில்லை. கை மட்டும் சோக் பிடிக்க மறுத்துவிட்டது. இருந்த லீவு முடிந்தது, அரைச்சம்பள லீவு வந்தது, பிறகு சம்பளமற்ற லீவு.

இந்தப் பக்கம் ஓ.எல். வகுப்புக்குக் கணிதம் படிப்பிக்க ஆளில்லை. சேரின் பெயர் ஆளணியில் இருக்கும்வரை அந்த இடத்தை வெற்றிடமாகக் காட்ட முடியாது. வெற்றிடம் இல்லாமல் ஆள் கேட்கவும் முடியாது. பெற்றோர் வந்து எங்களைத்தான் பிடித்தார்கள். அவர்கள் கேட்டதில் பிழையுமில்லை.

அதனால் நாங்கள் செய்த வேலையைச் சொல்லத்தான் இந்தப் பதிவு. நெஸ்டமோல்ட்டும் பழமும் வாங்கிக்கொண்டு நோய் விசாரிக்கப் போனோம். கூடவே ஒரு கடிதமும் கொண்டு போனோம். "சுகயீனம் காரணமாக எனது பதவியிலிருந்து இராஜினாமாச் செய்கிறேன்" என்று எங்களில் கையெழுத்து அழகான ஒருவர் எழுதியது. சேருக்கும் வெட்கம், பிள்ளைகளுக்கு இடைஞ்சலாக இருக்கிறோமே என்று. இடது கையால் ஒப்பம் வைக்கப் பேனையை எடுத்தார்.

அந்த நேரம் அங்கே ஓய்வுபெற்ற கிளாக்கர் காக்கா ஒருவர் இருந்தார். கடதாசியை வாங்கி வாசித்தார். "இத எழுதின ஆள் யாரு? மனிசன்ட 17 வருசத்தையும் ஒரு கடதாசியில முடிச்சிருப்பீங்களே!" என்று எங்கள் முன்னாலேயே கிழித்துப் போட்டார்.

எங்களில் பட்டதாரிகள் இருக்கிறார்கள், முதுமாணி முடித்தவர்கள் இருக்கிறார்கள். இராஜினாமாவுக்கும் மருத்துவக் காரணத்தால் ஓய்வு பெறுவதற்கும் உள்ள வித்தியாசம் ஒருவருக்கும் தெரியவில்லை. இராஜினாமாச் செய்தால் ஓய்வூதியம் இல்லை. அறிவிக்காமல் வேலைக்கு வராமல் விட்டு, பதவியை வறிதாக்கியவர் என்று கடிதம் வந்தாலும் அதே கதிதான். மெடிக்கல் போட் பார்த்து, இவர் நிரந்தரமாகச் சேவைக்குத் தகுதியற்றவர் என்று அறிக்கை கொடுத்து, அதன்பேரில் ஓய்வு கொடுக்கப்பட்டால் கதை வேறு. ஓய்வூதிய உரித்துள்ள நிரந்தரப் பதவியில் பத்து வருடம் முடித்தவருக்கு 60 வயது வராவிட்டாலும் ஓய்வூதியம் உண்டு. ஓய்வூதியப் பிரமாணக் குறிப்பின் முதலாம் பிரிவிலேயே அரச ஊழியருக்கு ஓய்வூதியத்தில் முழுமையான உரிமை கிடையாது என்றுதான் இருக்கிறது. அதனால்தான் கடதாசி விஷயத்தில் இவ்வளவு கவனம் வேண்டும் என்றார் காக்கா.

பிறகு அலைந்தோம். வரலாற்றுத் தாளில் முதல் நியமனப் பாடசாலையின் பதிவு இல்லை. அதைச் சரிப்படுத்தவே மாதக்கணக்கு. போட் முடிந்து, கடிதம் வந்து, ஓய்வூதியம் இப்போது கிடைக்கிறது, அல்ஹம்துலில்லாஹ். 17 வருடத்துக்குரிய வீதம்தான், முழுச் சேவை செய்தவருக்கு வருகிற தொகை வராது. மருந்துக்கும் கரண்ட் பில்லுக்கும் போதும் என்கிறார் சேரின் மனைவி.

அலைந்த காலத்தில் சட்டத்தையும் கொஞ்சம் வாசித்தோம். அரச வேலை வெற்றிடங்களில் 3 வீதத்தை மாற்றுத்திறனாளிகளுக்கு ஒதுக்கச் சொல்லி 1988 இலேயே சுற்றறிக்கை வந்திருக்கிறது. அது புதிதாக உள்ளே வருகிறவருக்கு. உள்ளே இருந்து நோயாளியானவருக்கு? 1996 ஆம் ஆண்டின் 28 ஆம் இலக்கச் சட்டம் இருக்கிறது. பிறவியில் வந்த இயலாமை மட்டுமல்ல, இடையில் வந்த இயலாமையும் அதற்குள் அடங்கும். ஆனால் இயலாமையைக் காரணம் காட்டி வேலைக்கு ஆட்சேர்ப்பதில் பாரபட்சம் காட்டக் கூடாது என்றுதான் அதுவும் சொல்கிறது. மீறினால் மேல் நீதிமன்றம் போகலாம். அரசியலமைப்பின் 12 ஆம் உறுப்புரையும் இயலாதவர்களுக்கு விசேட ஏற்பாடு செய்ய இடம் கொடுக்கிறது.

இதையெல்லாம் பெரிய கண்டுபிடிப்பு மாதிரி சேரிடம் போய்ச் சொன்னோம். கேட்டுக்கொண்டிருந்துவிட்டுச் சொன்னார்: "போட்ல எல்லாம் கேட்டாங்க. கைய உயர்த்தச் சொன்னாங்க, நடக்கச் சொன்னாங்க. படிப்பிக்க ஏலுமா எண்டு ஒருத்தரும் கேக்கல்ல. நீங்களும் கேக்கல்லயே."

பதில் சொல்ல எங்களுக்கு வாய் வரவில்லை. அவருடைய வகுப்பு மேல்மாடியில் இருந்தது. கீழே ஒரு வகுப்பறையை மாற்றிக் கொடுக்கலாமா என்று அதிபரிடம் ஒரு வார்த்தை கேட்டிருக்கலாம். எங்களுக்கு அது தோன்றவே இல்லை.

வீட்டில் யாராவது அரச வேலையில் இருந்து சுகமில்லாமல் போனால், எந்தக் கடதாசியிலும் ஒப்பம் வைக்க முன்னர் சுயவிபரக் கோவையைப் பாருங்கள், விஷயம் தெரிந்த ஒருவரிடம் கேளுங்கள். லீவை எழுத்தில் அறிவியுங்கள், கொப்பி ஒன்றை வீட்டில் வையுங்கள். எங்களைப் போன்ற நல்லெண்ணக்காரர் கடிதம் எழுதிக்கொண்டு வந்தால் தேத்தண்ணி கொடுத்து அனுப்பி விடுங்கள்.

இப்போது அஸருக்குப் பிறகு சேரின் வராந்தாவில் ஓ.எல். பிள்ளைகள் ஏழெட்டுப் பேர் இருக்கிறார்கள். சேர் கதிரையில் இருந்து சொல்லச் சொல்ல ஒரு பிள்ளை வைட் போர்டில் எழுதும். பாடசாலைக்குக் கணித ஆசிரியர் இன்னும் வரவில்லை.