திரும்பி வர வேண்டிய புத்தகம்

மாதச் சந்தா கட்டிவிட்டு, வேண்டிய புத்தகங்களை இணையத்தில் குறித்து வைத்தால் அஞ்சலில் வீட்டுக்கே வருமாம். படித்ததை அனுப்பினால் அடுத்தது வரும். சென்னை நண்பர் ஆர்வமாகச் சொல்லிக்கொண்டிருக்க, எனக்கு ஒரே கேள்விதான் இருந்தது: திருப்பி அனுப்புகிற செலவு யாருடையது?

திருப்புட்குழிக்காரனுக்கு அப்படித்தான் புத்தி போகும். பெரியப்பா நெய்து முடித்த பட்டுப்புடவையை மடித்துப் பையில் வைத்து, பாலுசெட்டிசத்திரத்தில் பஸ் ஏறிக் காஞ்சிபுரம் முதலாளியிடம் கொடுக்கப் போவார். அதே பையில் வாடகை நூலகப் புத்தகமும் இருக்கும். திரும்பும்போது புதுப் பாவு, ஊடைப் பட்டு, இன்னொரு புத்தகம். ஐப்பசி மழையில் குழித்தறிக்குள் ஈரம் ஏறினால் வேலை நின்றுவிடும். புடவை முடியாது, காஞ்சிபுரம் போக முடியாது, புத்தக வாடகை மட்டும் நாள் கணக்கில் ஏறும். பெரியம்மா அதற்காகத்தான் மழையைத் திட்டுவாள்.

அவள்தான் வாசிப்பாள். கோர்வைத் தறிக்குக் கரைப்பக்க நாடாவை வாங்கித் தர இன்னொரு ஆள் வேண்டும். அந்த ஆள் நான். இழை அறுந்தால் பெரியப்பா கையை உயர்த்துவார், கதை நிற்கும். முடிச்சுப் போட்டதும் கதாநாயகி மறுபடி அழத் தொடங்குவாள். வாரப் பத்திரிகையிலிருந்து கிழித்துத் தைத்துப் பைண்டு செய்த தொடர்கதைகள் அவை. பக்கத்தின் பின்புறம் தலைவலித் தைல விளம்பரம், பாதி நகைச்சுவைத் துணுக்கு. ஓரத்தில் யாரோ ஒரு புண்ணியவான் பென்சிலால், ‘கொலை செய்தது டாக்டர்’.

திருப்பித் தரும் சிக்கலைத் தீர்த்தவர்களே இந்த வாடகைத் தொழிலில் நிலைத்து நின்றார்கள். லண்டனில் மூடி என்பவர் 1842இல் தொடங்கிய நூலகம் ஆண்டுக்கு ஒரு கினி சந்தாவில் ஓடியது. வெளியூர்களுக்குப் பெட்டி பெட்டியாக ரயிலில் புத்தகம் போய் வந்தது. நெட்ஃபிளிக்ஸ் 2023 வரை டிவிடிகளை அஞ்சலில் வாடகைக்கு விட்டதே, அதன் சூட்சுமம் படத்தில் இல்லை. கூடவே வந்த, தபால் செலவு கட்டிய திருப்பி அனுப்பும் உறையில் இருந்தது. நம் ஊரில் அதற்குத் துணை நின்றிருக்க வேண்டியது புத்தகங்களுக்கான மலிவு அஞ்சல். அஞ்சலகத்தார் பிரித்துப் பார்க்கத் தோதாக, ஒட்டாமல் சணல் கட்டி அனுப்பினோம். ஐந்து கிலோ 80 ரூபாய்க்குப் போன பதிவுப் புத்தக அஞ்சலை 2024 டிசம்பரில் நிறுத்திவிட்டார்கள். புடவைக்குக் கூரியர் இருக்கிறது, பரவாயில்லை என்று நினைத்தார்களோ என்னவோ.

யார் யாரைத் தேடிப் போவது என்பது எங்கள் ஊருக்குப் பழைய கேள்வி. ராமானுஜர் யாதவப்பிரகாசரிடம் பாடம் கேட்டது இங்கேதான். பாடத்துக்கு மாணவன்தான் வர வேண்டும் என்பது அந்தக் காலத்து ஏற்பாடு. பின்னால் அந்த ஆசிரியரே மாணவனிடம் சீடராகப் போய்ச் சேர்ந்தார் என்கிறது குருபரம்பரைக் கதை. பெரியப்பாவுக்கு மிகவும் பிடித்த இடம் அது.

1931இல் மன்னார்குடியில் கனகசபைப் பிள்ளை மாட்டுவண்டியில் நூலகத்தையே ஏற்றிக் கிராமங்களுக்கு அனுப்பினார். கொடுத்த வண்டியே வாங்கிப் போகவும் வரும். பெரியப்பாவின் பை செய்த வேலைதான். அரசின் ‘நூலக நண்பர்கள்’ திட்டத்திலும் அதே முறை. நூலகத்துக்குப் போக முடியாதவர்கள் வீட்டுக்குத் தன்னார்வலர் புத்தகம் கொண்டு வருவார், முடித்ததை அவரே எடுத்துப் போவார். இணையச் சந்தாவைவிட இதில்தான் எனக்கு நம்பிக்கை.

பெரியம்மா இருந்திருந்தால் அந்தத் தன்னார்வலரிடம் ‘பொன்னியின் செல்வன்’ கேட்டிருப்பாள். அதன் ஐந்து பாகங்களில் மூன்றாவது மட்டும் எப்போது கேட்டாலும் வெளியே போயிருக்கும். காஞ்சிபுரம் கிளம்பும் பெரியப்பாவிடம் ஒவ்வொரு முறையும் அவள் சொல்லி அனுப்புவது: “எடுத்துட்டுப் போன மகராசி யாருன்னு மட்டும் கேட்டுட்டு வாங்க, நான் போயி வாங்கிக்கிறேன்.”