சான்டாண்டர் கடற்கரையில் ஆறு தையல்

ஸ்பெயின் என்றதும் நமக்கு வெயில்தான் ஞாபகம் வரும். வடகோடியில், கான்டாப்ரியக் கடலை ஒட்டி இருக்கும் சான்டாண்டருக்கு அந்தக் கணக்கு பொருந்தாது. மழையும் பச்சைமலையும் உள்ள ஊர். கோடையில் போனாலும் பையில் குடை இருப்பது நல்லது. மன்னர் பதின்மூன்றாம் அல்ஃபோன்ஸோ கோடைக்காலத்தில் வந்து தங்கிய மக்தலேனா அரண்மனை கடலுக்குள் நீண்ட நிலத்தின் முனையில் நிற்கிறது. அங்கிருந்து கரையோரமாக நடந்தால் சார்தினேரோ கடற்கரை வந்துவிடும்.

சுற்றுலா வருகிறவர்கள் அரண்மனை, காசினோ, கடல் என்று பார்த்துவிட்டுக் கிளம்பிவிடுவார்கள். நீங்கள் போனால் கடற்கரைக்குப் பின்பக்கம் கொஞ்சம் நடந்து வாருங்கள். ரேசிங் கிளப்பின் ஸ்டேடியத்துக்கு அருகில் ஒரு பூங்கா இருக்கிறது. 1913-ல் திறக்கப்பட்ட பழைய சார்தினேரோ மைதானம் இருந்த இடம் அது. 1988-ல் புதிய ஸ்டேடியம் வந்ததும் பழையதை இடித்துவிட்டார்கள். ஒரு ஹங்கேரிக்காரரின் தலை உடைந்தது இந்த மண்ணில்தான்.

1928 மே 20. ஸ்பெயின் கோப்பையின் இறுதிப் போட்டி. ஒரு பக்கம் பார்சிலோனா, இன்னொரு பக்கம் பாஸ்க் ஊரான சான் செபாஸ்டியனின் ரியல் சோசியதாத். பார்சிலோனாவின் கோல்கீப்பர் ஃபெரெங்க் பிளாட்கோ. வேகமாக வந்த எதிரணி ஃபார்வர்டு சோலினின் காலடியில் விழுந்து பந்தைப் பிடித்தார். பூட்ஸ் தலையில் பட்டது. ரத்தம் கொட்ட, வெளியே தூக்கிப்போனார்கள். அந்தக் காலத்தில் மாற்று ஆட்டக்காரரை இறக்கும் வழக்கம் கிடையாது. அணி ஓர் ஆள் குறைவாக, கோல்கீப்பர் அல்லாத ஒருவரை வலைக்கு முன் நிறுத்தி ஆடியது. ஆறு தையல் போட்டு, தலையைச் சுற்றிக் கட்டுடன் பிளாட்கோ திரும்பி வந்து கோல் முன்னால் நின்றார். கூடுதல் நேரம் ஆடியும் 1-1. இரண்டு நாள் கழித்து அதே மைதானத்தில் மறுபடி ஆடினார்கள், மறுபடியும் 1-1. நடுவில் ஆம்ஸ்டர்டாம் ஒலிம்பிக் வந்துவிட்டது. ஜூன் 29 அன்று மூன்றாவது முறையாகக் கூடியபோதுதான் பார்சிலோனா 3-1 என்று ஜெயித்தது.

முதல் நாள் ஆட்டத்தைப் பார்க்க வந்தவர்களில் இருவர் உலகப் பிரபலங்கள். ஒருவர் டாங்கோ பாடகர் கார்லோஸ் கார்டெல். இன்னொருவர் கவிஞர் ரஃபேல் ஆல்பெர்த்தி. அந்தக் கட்டுப் போட்ட தலையைப் பார்த்த கவிஞர், கோல்கீப்பரைப் பற்றி ஒரு கவிதையே எழுதினார். ஸ்பானிய இலக்கியத்தில் அதற்கு இன்றும் இடம் இருக்கிறது. தோற்ற அணியின் ரசிகரான கவிஞர் கப்ரியேல் செலாயா பின்னாளில் அதற்குப் பதில் கவிதை எழுதினார். ஃபவுலுக்கு நடுவரிடம் முறையிடுவார்கள். இவர் கவிதையிலேயே முறையிட்டிருக்கிறார்!

பிளாட்கோ பிறந்தது புடாபெஸ்டில், 1898-ல். முதல் உலகப் போரில் தோற்ற ஹங்கேரி, 1920 ஒப்பந்தத்தில் நாட்டின் மூன்றில் இரண்டு பங்கு நிலத்தை இழந்தது. ஊரில் பஞ்சம். நல்ல ஆட்டக்காரர்கள் நிறைய, ஆனால் வெளிப்படையாகச் சம்பளம் வாங்கிக்கொண்டு ஆட 1926 வரை அனுமதி இல்லை. ஆகவே அந்தத் தலைமுறை மூட்டை கட்டியது. டோரி குர்ஷ்னர் பிரேசிலுக்குப் போனார், இம்ரே ஹிர்ஷல் அர்ஜென்டினாவுக்கு. பிளாட்கோ 1923-ல் பார்சிலோனா வந்து சேர்ந்தார். அங்கே காலியாக இருந்தது ரிகார்டோ ஸமோராவின் இடம். ஸ்பெயினே கொண்டாடிய கோல்கீப்பர், போட்டி கிளப்பான எஸ்பான்யோலுக்குப் போயிருந்தார். அந்த இடத்தில் வெளிநாட்டுக்காரர் வந்து நிற்பது எப்படி இருந்திருக்கும் என்று யோசித்துப் பாருங்கள்! ஆனால் நின்றார். ஏழு வருடம் ஆடி, 1929-ல் ஸ்பெயினின் முதல் லீக் பட்டத்தையும் அணியோடு ஜெயித்தார்.

கவிதை இருப்பதால் எல்லோரும் பிளாட்கோவை அந்த ஒரு மாலையோடு நிறுத்திவிடுகிறார்கள். எனக்கு இதில் வருத்தம் உண்டு. அவர் நின்று நிதானமாகச் செய்த வேலை கடல் கடந்து இருக்கிறது. அதற்குப் போகும் முன், சான்டாண்டருக்குத் தெற்கே உள்ள வயாதோலித் என்ற ஊரைப் பற்றிச் சொல்ல வேண்டும்.

தலை உடைந்ததற்கு ஒரு வருடம் முன்பு, 1927 மே மாதம், சிலி நாட்டின் கோலோ-கோலோ கிளப் ஐரோப்பாவைச் சுற்றி வந்தது. 1925-ல் அந்தக் கிளப்பைத் தொடங்கியவர்களில் முக்கியமானவர் தாவித் அரெய்யானோ. வயாதோலித் ஆட்டத்தில் எதிரணி வீரர் ஒருவருடன் மோதி வயிற்றில் அடிபட்டது. மறுநாள், மே 3 அன்று, ஊரை விட்டு இத்தனை தூரத்தில் இறந்துபோனார். கோலோ-கோலோ சின்னத்துக்கு மேலே அவர் நினைவாகத் துக்கத்தின் கறுப்புப் பட்டை ஏறியது. இன்றும் அது அங்கே இருக்கிறது.

ஆட்டத்தில் பட்ட அடியால் ஒருவர் போனார், அடுத்த வருடம் அதே நாட்டில் அடிபட்டவர் பிழைத்தார். பிழைத்தவர் 1939-ல் எங்கே வந்து நின்றார் தெரியுமா? சிலியின் தலைநகர் சந்தியாகோவில், அந்தக் கறுப்புப் பட்டை போட்ட கிளப்பின் கோச்சாக!

வந்ததும் அவர் செய்தது பலருக்குப் பிடிக்கவில்லை. அப்போதெல்லாம் பின்னால் இரண்டே பேர்தான் தடுப்பார்கள். நடுவில் சென்டர் ஹாஃப் இஷ்டத்துக்கு முன்னும் பின்னும் ஓடி ஆட்டத்தை நடத்துவார், ராஜா மாதிரி. பிளாட்கோ அந்த ராஜாவை இழுத்துப் பின்வரிசையில் நிறுத்தி, எதிரணி சென்டர் ஃபார்வர்டின் நிழலாக ஒட்டிக்கொள்ளச் சொன்னார். சிலியில் இந்த இடத்துக்கு 'போலீஸ் ஹாஃப்' என்றே பெயர் வந்தது. அழகு போச்சு என்றார்கள் ரசிகர்கள். 1939-ல் கோலோ-கோலோ சாம்பியன். 1941-ல் ஒரு ஆட்டம்கூடத் தோற்காமல் சாம்பியன். பிறகு மற்றக் கிளப்புகளும் ஆளுக்கொரு போலீஸை நிறுத்தின. கோல்கீப்பராக நின்றவருக்குத் தெரியும், தனக்கு முன்னால் எந்த இடம் காலியாக இருந்தால் ஆபத்து என்று.

எல்லா ஊரும் இப்படிக் கேட்டுக்கொள்ளவில்லை. இடையில் 1940-ல் போனஸ் ஏர்ஸின் ரிவர் பிளேட்டில் கொஞ்ச காலம்தான் இருந்தார். ஸ்பெயின் உள்நாட்டுப் போருக்குப் பின் நாடுகடந்த ஆல்பெர்த்தி குடியேறியதும் அதே வருடம், அதே ஊர். 1949-ல் பார்த்த போகா ஜூனியர்ஸ் வேலையும் நீடிக்கவில்லை. 1953-ல் கோலோ-கோலோவுக்கு மூன்றாவது பட்டம் வாங்கிக் கொடுத்தார். 1955-ல் பார்சிலோனா மறுபடி கூப்பிட்டது. அந்தப் பருவத்தில் அணி ஒரே ஒரு புள்ளியில் லீக் பட்டத்தைக் கோட்டைவிட்டது.

கடைசிக் காலத்துக்கு அவர் போய்ச் சேர்ந்த ஊர் பிறந்த புடாபெஸ்டும் இல்லை, கவிதை கிடைத்த ஸ்பெயினும் இல்லை. சந்தியாகோ. 1983-ல் அங்கேதான் காலமானார். சந்தியாகோவின் தென்கிழக்கில், மாகுல் பகுதியில், கோலோ-கோலோவின் ஸ்டேடியம் இருக்கிறது. அதற்கு வைத்திருக்கும் பெயர் தாவித் அரெய்யானோ.